பிளாக்பூல் மணலில் சொன்ன சொல்

பெவிலியன் தியேட்டர் வாசலில் அந்த நோட்டீஸை ஒட்டிய வெள்ளிக்கிழமை சாயங்காலம், ஆல்டர்ஷா ஊரில் பாதி வீடுகளில் அடுப்பு பற்றவில்லை. மில் விட்டு வந்த பெண்கள், முடியில் ஒட்டிய பஞ்சுத் தூசியைக்கூடத் தட்டாமல் நடைபாதையை அடைத்துக்கொண்டு நின்று படித்தார்கள். ‘உங்களை நீங்களே திரையில் பாருங்கள்! போன ஆகஸ்டில், நம் ஊர் விடுமுறை வாரத்தில், பிளாக்பூல் கடற்கரையில் எடுத்த குறும்படம். திங்கள் முதல் புதன் வரை, பெரிய படத்துக்கு முன்னால்.’

கூட்டத்தின் பின்வரிசையில் நின்ற கிளாரிஸ் டக்வொர்த் இரண்டாம் தடவை படிக்கவில்லை. பக்கத்தில் நின்ற தங்கை பெஸ்ஸியின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் ரொட்டிக்கடைச் சந்தில் நிறுத்தினாள்.

“அது அந்தப் படம்தானே?”

“வேற எது? லண்டன்காரங்க மூணு கால் பெட்டியத் தூக்கிக்கிட்டு மணல்ல விழுந்து எந்திரிச்சாங்களே, அதேதான். நாம ரெண்டு பேரும் இருப்போம்டி! நான் முன்னாடியே தெரிஞ்சிருந்தா நல்ல தொப்பியாப் போட்டிருப்பேன்.”

“தொப்பி கெடக்கட்டும். நான் அன்னைக்கு என்ன பேசினேன்னு ஞாபகம் இருக்கா உனக்கு?”

பெஸ்ஸி சிரித்துக்கொண்டே வாயைத் திறந்தாள். அப்புறம் மெல்ல மூடினாள். அவள் முகத்தில் சிரிப்பு செத்துப்போனதைப் பார்த்தபோதே கிளாரிஸுக்குத் தெரிந்துவிட்டது, தான் நினைத்து நடுங்குவது பொய்யில்லை என்று.

விஷயம் இதுதான். ஆகஸ்டில் ஒரு வாரம் ஆல்டர்ஷாவில் எல்லா மில்லும் ஒன்றாக நிற்கும். புகைபோக்கிகள் ஓய்ந்து, வானம் கழுவிவிட்டதுபோல் தெரியும். பார்க்கத்தான் ஊரில் ஆள் இருக்காது. அத்தனை பேரும் ஒரே நாளில், அடுத்தடுத்த ரயிலில், அதே பிளாக்பூலுக்குப் போய், அதே மணலில் உட்காருவார்கள். கடலைப் பார்க்கப் போனோம் என்று பெயர். எதிர்வீட்டுக்காரி முகத்தை ஏழு நாளும் பார்த்துவிட்டு வருவதுதான் நடக்கும். யாருக்கும் அதில் குறை தெரிந்ததில்லை. தெரியாத முகங்களோடு விடுமுறை கழிப்பதா என்றுதான் கேட்பார்கள்.

அந்த மணலில் லண்டன் கேமராக்காரர் அக்காள் தங்கை இருவரையும் பார்த்துவிட்டு, “அப்படியே இருங்க, சும்மா பேசிக்கிட்டிருங்க. சத்தம் எதுவும் பதிவாகாது. இதுக்குக் காது கிடையாது” என்றார். பேச்சு கிளாரிஸுக்கு நெஞ்சில் முட்டிக்கொண்டிருந்த நாள் அது. பெஸ்ஸிக்கு அந்தப் பக்கம் சாய்வு நாற்காலியில் கிளாரிஸின் கணவன் வில்ஃப், முகத்தில் செய்தித்தாளைப் போர்த்திக்கொண்டு தூங்கினான். அவனுக்கும் கேட்கக் கூடாது, கேமராக்காரருக்கும் கேட்கக் கூடாது. ஆகவே அவள் மில்லில் பேசுவதுபோல் பேசினாள்.

மில்லில் எப்படிப் பேசுவார்கள்? முந்நூறு தறி ஓடும் கூடத்தில் தொண்டை கிழியக் கத்தினாலும் அடுத்தவள் காதில் விழாது. நெய்கிற பெண்கள் சத்தமே இல்லாமல், வாயை அகலமாகத் திறந்து, ஒவ்வொரு சொல்லையும் உதட்டில் செய்து காட்டுவார்கள். நாலு தறி தள்ளி நிற்பவள் அதைப் படித்துவிட்டுப் பதில் சொல்வாள். பேறுகாலம், சண்டை, கள்ளக்காதல் எல்லாம் அந்தக் கூடத்தில் அப்படித்தான் பரவும். வெளியிலும் ரகசியம் என்றால் உடனே வாயசைப்புதான். காது இல்லாத பெட்டியிடம் ஜாக்கிரதையாக இருந்தாள் கிளாரிஸ். அதற்குக் கண் இருப்பது அவளுக்குத் தோன்றவில்லை. எந்த மில்லுக்காரியாக இருந்தாலும் இதே தப்பைத்தான் செய்திருப்பாள்.

அன்றைக்கு அவள் பெஸ்ஸியிடம் சொன்னது இது: “போனவன் வேற, வந்தவன் வேற. சில நாள் தோணுது பெஸ்ஸி, இவன் வராமலே இருந்திருக்கலாம்னு.”

அதை இப்போது ஊர் படிக்கப் போகிறது. ஊரோடு சேர்ந்து, தறி பழுது பார்க்கும் மேஸ்திரியாகப் பதினெட்டு வயதிலிருந்து அதே கூடத்தில் வாயசைப்புக்கு நடுவே வளர்ந்த வில்ஃபும் படிப்பான்.

கிளாரிஸ் கெட்டவள் இல்லை. இதைச் சொல்லிவிட வேண்டும். போருக்குப் போன வில்ஃப் குளிக்கும்போது பாடுவான், மேசையில் தாளம் போடுவான், சமையல்கட்டில் அவளைப் பிடித்துச் சுற்றுவான். கிழக்கே எங்கோ காட்டுக்குள் கைதியாக மூன்றரை வருஷம் கிடந்துவிட்டு வந்து இறங்கியவனுக்குக் கட்டிலில் தூக்கம் வராது. தரையில்தான் படுப்பான். கோட்டுப் பையில் எப்போதும் ஒரு துண்டு ரொட்டி இருக்கும். கேட்டதற்கு இரண்டு வார்த்தையில் பதில் சொல்வான். ஒரு நாள்கூடக் கை ஓங்கியதில்லை, குடித்துவிட்டு வந்ததில்லை. சண்டை போடக்கூட ஆள் இல்லாத வீடாகிவிட்டது. அவன் இல்லாத வருஷங்களில் அவள் ஆறு தறி ஓட்டினாள், வாசல் கதவுக்குத் தானே பச்சை வர்ணம் அடித்தாள், ஞாயிற்றுக்கிழமை மதியம்வரை படுத்துக் கிடந்தாள். தனியாக இருக்கக் கற்றுக்கொண்டாள். பாவம், அது அவளுக்குப் பிடித்தும் போய்விட்டது.

சனிக்கிழமை அவள் தியேட்டர் மேனேஜர் ஷட்டில்வொர்த்தின் அறைக்கதவைத் தட்டினாள். அவர் கடலோர ஊர் ஒன்றிலிருந்து வந்தவர், மில்லுக்குள் காலே வைத்ததில்லை.

“மிஸ்டர் ஷட்டில்வொர்த், அந்தப் படத்துல நான் வர்ற துண்டை மட்டும் வெட்டிட முடியுமா?”

“வெட்டறதா? அது என் சொத்தா என்ன, வாடகைக்கு வந்திருக்கு. இரு, இரு... புள்ளி போட்ட கவுன் நீதானா? நேத்துதான் போட்டுப் பார்த்தேன். அருமையா விழுந்திருக்கே!”

“தெளிவா இருக்கா?”

“கண்ணாடி மாதிரி. முகம் முழுசா வருது. ஒண்ணு மட்டும் சொல்லு, என்ன மிட்டாய் மென்னுக்கிட்டிருந்தே? வாயை அந்த ஆட்டு ஆட்டறே!”

அவள் வெளியே வந்தாள். அவருக்கு மிட்டாயாகத் தெரிந்தது ஊருக்கு என்னவாகத் தெரியும் என்ற நினைப்பில் தன் வீட்டைத் தாண்டி நடந்துவிட்டாள்.

மூன்று நாள் எப்படியாவது அவனை வீட்டில் வைத்துக்கொள்ளலாம் என்று கணக்குப் போட்டாள். அவன் சினிமாவுக்குப் போகிறவனும் இல்லை, இருட்டில் கூட்டத்தோடு உட்காருவது அவனுக்கு ஆகாது. ஆனால் ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டு மேசையில், உருளைக்கிழங்குத் தட்டின் மேல் குனிந்தபடி, அவன் இரண்டு டிக்கெட்டை எடுத்து உப்பு ஜாடியில் சாய்த்து வைத்தான்.

“நாளைக்கு. பால்கனி.”

“உனக்குத்தான் கூட்டம் ஆகாதே!”

“பரவால்ல.”

“எனக்குத் தலைவலியா இருக்கு வில்ஃப். நாளைக்கும் இருக்கும்போல.”

அவன் நிமிர்ந்து பார்த்தான். “நாளைக்கு வரப்போற தலைவலி இன்னைக்கே தெரியுதா?” என்றான். போரிலிருந்து வந்த பிறகு அவன் பேசிய மிக நீளமான வாக்கியங்களில் அது ஒன்று. வேறு நாளாக இருந்தால் அவள் சந்தோஷப்பட்டிருப்பாள். “வரலைன்னா இரு. நான் போயிட்டு வரேன்” என்று சொல்லிவிட்டு அவன் மறுபடி குனிந்துகொண்டான்.

முன்கூட்டியே சொல்லிவிடலாம் என்று அன்று சாயங்காலம் மூன்று தடவை வாயைத் திறந்தாள். நான் இப்படி ஒன்று சொன்னேன், மனசார இல்லை என்று. மனசார இல்லை என்பது பொய். அந்த இடத்தில்தான் ஒவ்வொரு தடவையும் நாக்கு ஒட்டிக்கொண்டது.

திங்கட்கிழமை பெவிலியனில் நிற்க இடமில்லை. சிகரெட் புகை பால்கனியிலிருந்து ஒரு மேகமாகக் கீழே இறங்கிக்கொண்டிருந்தது. வில்ஃப் நடைவழி ஓரத்து இருக்கையாகப் பார்த்து உட்கார்ந்தான், வெளியே போக வழி வேண்டும் அவனுக்கு. அவனைத் தனியாகப் படிக்க விட மனசில்லாமல் கூடவே வந்த கிளாரிஸ் அவனுக்கு இந்தப் பக்கம். பின்வரிசையில் பெஸ்ஸி, அவளைச் சுற்றி நெசவுக் கூடமே. விளக்கு அணைந்தது.

முதலில் ரயில் வந்தது. படத்துக்கு விளக்கம் சொல்லும் லண்டன் குரல் ஒன்று, வெல்லப்பாகு தடவியதுபோல், “இதோ, இயந்திரங்களின் பிடியிலிருந்து விடுபட்டு, பொங்கும் மகிழ்ச்சியோடு இறங்குகிறார்கள் நம் உழைப்பாளி மக்கள்” என்றது. திரையில் காட்டன் தெரு மார்த்தா பெட்டியைக் கீழே போட்டுவிட்டுப் புருஷனைப் பார்த்து வாயசைத்தாள். லண்டன் குரலுக்குத் தெரியாது. தியேட்டர் படித்தது. ‘பல் செட்டை வீட்டுலயே விட்டுட்டு வந்துட்டியா, மடையா?’

கூரை பெயர்ந்து விழுகிற மாதிரி சிரித்தார்கள். கீழ்வரிசையில் இருந்த மார்த்தாவின் புருஷனைப் பத்துப் பேர் முதுகில் தட்டினார்கள்.

அடுத்து தங்கும் விடுதி. காலைச் சாப்பாடு முடிந்ததும் மழையானாலும் வெளியே போய்விட வேண்டும், சாயங்காலம்வரை உள்ளே விடமாட்டார்கள் என்பது அங்கே எழுதாத சட்டம். விடுதிக்காரி வாசலில் கையைக் கட்டிக்கொண்டு நிற்க, தூறலில் ஒரு குடும்பம் படியிறங்கியது. “வீட்டம்மாவின் அன்பான வழியனுப்பல்” என்றது குரல். படியிறங்கிய பெண்ணின் உதடு, ‘இவ நல்லா இருப்பாளா? உப்புக்கும் மிளகுக்கும் தனியாக் காசு கேக்கறா’ என்றது. பால்கனி கைதட்டியது. கிளாரிஸ் மட்டும் கைதட்டவில்லை. ஒரு சொல்கூட விடாமல் படிக்கிறார்களே!

பிறகு கடல் வந்தது.

அதை அவள் எதிர்பார்க்கவில்லை. சாம்பல் நிறத்தில், சத்தமே இல்லாமல், திரை முழுக்கக் கடல். அலை எழுந்து, நின்று, யோசித்து, விழுந்தது. எங்கோ ஒரு பியானோ மெதுவாக வாசித்தது. லண்டன் குரலும் வாயை மூடிக்கொண்டது. முழங்கால்வரை கால்சட்டையைச் சுருட்டிய ஆண்களும், பாவாடையைத் தூக்கிப் பிடித்த பெண்களும் தண்ணீருக்குள் நின்றுகொண்டு எதையும் செய்யாமல் இருந்தார்கள். வருஷத்தில் ஐம்பத்தொரு வாரம் ஓடுகிற கால்கள் தண்ணீரில் வெள்ளையாகத் தெரிந்தன. கிறிஸ்துமஸுக்குச் செத்துப்போன கிழவர் ஜேபஸ் ஒரு தட்டில் சிப்பி வைத்துத் தின்றுகொண்டு எல்லோரையும் பார்த்துக் கண்ணடித்தார். தியேட்டர் அப்படியே அடங்கியது. யாரோ ஒருத்தி, “அதோ எங்கப்பா” என்று மெல்லச் சொன்னாள். உயிரோடு இருப்பவர்கள் இருட்டில் உட்கார்ந்திருந்தார்கள். வெளிச்சத்தில் நடமாடியவர்கள் எல்லோருக்கும் இன்னும் அந்த ஆகஸ்டுதான். கிளாரிஸுக்கு ஒரு நிமிஷம் பயம் மறந்துபோனது. தூங்கி விழிக்கும் முன்னால் வருமே, எங்கே இருக்கிறோம் என்று தெரியாத ஒரு சுகம், அதில் மிதந்தாள்.

அந்தச் சுகத்துக்குள்ளிருந்துதான் புள்ளி போட்ட கவுன் வந்தது.

திரையில் அவள் முகம் ஒரு வீட்டுச் சுவர் அளவுக்கு இருந்தது. இவ்வளவு களைத்தவளா நான் என்று நினைத்தாள். பக்கத்தில் பெஸ்ஸி. பெஸ்ஸிக்குப் பின்னால், சற்றுத் தள்ளி, சாய்வு நாற்காலியில் செய்தித்தாள் மூடிய வில்ஃப். திரையில் இருந்த கிளாரிஸ் பெஸ்ஸி பக்கம் திரும்பி, கூடத்தின் கடைசித் தறிக்கும் தெரியும்படி, அழகாக, பிசிறில்லாமல் உதட்டைத் திறந்தாள்.

‘போனவன் வேற, வந்தவன் வேற.’

தியேட்டரில் சிரிப்பு தொடங்கிய இடத்திலேயே நின்றது.

‘சில நாள் தோணுது பெஸ்ஸி, இவன் வராமலே இருந்திருக்கலாம்னு.’

ஒரு நாற்காலிகூடக் கிறீச்சிடவில்லை. அறுநூறு பேர் படித்துவிட்டார்கள். “நண்பர்களோடு இனிய அரட்டை” என்றது லண்டன் குரல். கிளாரிஸ் கண்ணை மூடிக்கொள்ளப் பார்த்தாள், முடியவில்லை. பக்கத்தில் வில்ஃப் எழுந்து போகும் சத்தத்துக்காகக் காத்திருந்தாள். நடைவழி அவன் காலடியிலேயே இருந்தது. அவன் எழவில்லை.

திரையில் இருந்தவள் சொல்லவேண்டியதைச் சொல்லிவிட்டுக் கடலைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். அன்றைக்கு அதற்குப் பிறகு பின்னால் நடந்தது எதையும் அவள் பார்த்திருக்கவில்லை. கேமரா பார்த்திருந்தது.

செய்தித்தாள் நெற்றியிலிருந்து மூக்குவரை சரிந்திருந்தது. அதற்கு மேல் இரண்டு கண்கள், நன்றாகத் திறந்தபடி. அவன் தூங்கவேயில்லை. படித்திருக்கிறான். அன்றைக்கே, அந்த மணலிலேயே, எல்லாவற்றையும் படித்துவிட்டு எட்டு மாதம் அவள் போட்ட சாப்பாட்டைச் சாப்பிட்டுக்கொண்டு இருந்திருக்கிறான்.

திரையில் வில்ஃப் செய்தித்தாளை எடுத்து மடியில் வைத்தான். கோபமாகத் தெரியவில்லை. அவள் முதுகைப் பார்த்தான், ரொம்ப நேரம். பிறகு அவளுக்குத் தெரியாது என்று தெரிந்தே, அவனும் மில்காரன்தானே, வாயைத் திறந்து ஒவ்வொரு சொல்லாக உதட்டில் வைத்தான்.

‘வந்துக்கிட்டுதான் இருக்கேன் பொண்ணே. இன்னும் வந்து சேரல.’

அவ்வளவுதான். உடனே திரையில் கழுதைகள் வந்தன, மணி கட்டிக்கொண்டு, முதுகில் குழந்தைகளோடு. லண்டன் குரல் ஏதோ வேடிக்கை சொன்னது. யாரும் சிரிக்கவில்லை. பின்வரிசையில் பெஸ்ஸி மூக்கை உறிஞ்சும் சத்தம் மட்டும் கேட்டது. வாய்க்கு வந்தபடி வம்பு பேசும் அந்தப் பெண்கள் ஒருத்திகூட இந்தப் பக்கம் திரும்பவில்லை. அறுநூறு தலையும் கழுதைகளையே பார்த்துக்கொண்டிருந்தன. அந்த ஊர் அன்றைக்குத் தெரிந்து செய்த மரியாதை அது. கிளாரிஸ் அதைச் சாகும்வரை மறக்கமாட்டாள்.

அவளுக்கு வெட்கமாக இருந்தது, அழுகையாக இருந்தது. இவன் பேசாமல் இருந்தான் என்று நினைத்தோமே, இவன் பேசியதெல்லாம் என் முதுகிடமா என்று உறைத்தது. மெதுவாக அவன் பக்கம் திரும்பினாள். திரையின் வெளிச்சம் அவன் முகத்தில் ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. அவனும் அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான், நெற்றியில் வியர்வையோடு, நடைவழியில் ஒரு காலை நீட்டி வைத்தபடி. டிக்கெட் வாங்கும்போதே இது தெரிந்துதான் வாங்கினானா என்று கேட்க நினைத்தாள். அது அப்போது முக்கியமாகப் படவில்லை.

அவள் வாயசைத்தாள். ‘எவ்வளவு தூரத்துல இருக்கே?’

அவன் யோசித்தான். விளையாட்டுக்கு யோசிக்கவில்லை, உண்மையாகவே எங்கே இருக்கிறோம் என்று பார்த்துச் சொல்பவன்போல் யோசித்தான்.

‘இன்னும் ரெண்டு ஸ்டேஷன் இருக்கும்.’

அவன் உதட்டோரம் கொஞ்சம் கோணியது. சமையல்கட்டில் அவளைப் பிடித்துச் சுற்றியவன் ஒரு நொடி எட்டிப் பார்த்துவிட்டுப் போனான். அவள் பார்த்துவிட்டாள்.

“சரி, வா. நான் முழிச்சிருக்கேன்” என்றாள் கிளாரிஸ்.

இதை அவள் வாயசைக்கவில்லை. வாய்விட்டுச் சொன்னாள், பால்கனி முழுக்கக் கேட்கும்படி. கீழே டார்ச்சோடு நின்ற டிக்கெட்காரி அண்ணாந்து பார்த்து, யார் அது சத்தம் போடுவது என்று கேட்டாள். பால்கனியில் ஒருவரும் காட்டிக்கொடுக்கவில்லை.